கே. ஏ. அப்பாஸ் என்ற கதாசிரியர்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய இந்திப் படங்களைப் பற்றிப் பேச்சு வந்தால் ராஜ் கபூர் வருவார், நர்கிஸ் வருவார், முகேஷ் பாட்டு வரும். எழுதியவர் பெயர் மட்டும் வராது. 'ஆவாரா', 'ஸ்ரீ 420' இரண்டையும் எழுதியவர் குவாஜா அகமது அப்பாஸ். விடுதலையை ஒட்டிய பத்துப் பதினைந்து ஆண்டுகளில் இந்திய சினிமா யாரைப் பற்றிப் பேச வேண்டும் என்று வழிகாட்டிய ஒரு சிலரில் அவர் ஒருவர். அவரைப் பற்றி நண்பர்கள் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்ட கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதி வைக்கிறேன்.

யார் இந்த அப்பாஸ்?

1914 ஜூன் 7 அன்று பானிபட்டில் பிறந்தவர். உருதுக் கவிஞர் ஹாலியின் குடும்பத்து வழி. அலிகர் முஸ்லிம் பல்கலைக்கழகத்தில் பி.ஏ.வும் சட்டமும் படித்தார். பிறகு பம்பாய்க்கு வந்து 'பாம்பே கிரானிக்கிள்' நாளிதழில் சேர்ந்தார். அங்கே 'லாஸ்ட் பேஜ்' என்ற பெயரில் ஆரம்பித்த பத்தியைப் பின்னால் 'பிளிட்ஸ்' வார இதழுக்குக் கொண்டுபோய், 1987 இல் இறக்கும்வரை எழுதினார். நாட்டிலேயே மிக நீண்ட காலம் வந்த பத்திகளில் அது ஒன்று. சிறுகதை, நாவல், பயண நூல், வாழ்க்கை வரலாறு என்று எழுபதுக்கும் மேற்பட்ட புத்தகங்கள் இருக்கின்றன. உருது, இந்தி, ஆங்கிலம் மூன்றிலும் எழுதியவர். சினிமாவில் கதாசிரியர், இயக்குநர், தயாரிப்பாளர் என்று மூன்று வேலையும் பார்த்தார். 1969 இல் பத்மஸ்ரீ கிடைத்தது.

ஆனால் அவரைக் கேட்டிருந்தால் 'பத்திரிகைக்காரன்' என்றுதான் முதலில் சொல்லியிருப்பார் என்று நினைக்கிறேன். அவருடைய திரைக்கதைகளைப் புரிந்துகொள்ள அது ஒன்று போதும்.

பத்திரிகைக்காரர் சினிமாவுக்குள் எப்படி நுழைந்தார்?

விளம்பரப் பிரிவு வழியாக. 1936 வாக்கில் பாம்பே டாக்கீஸ் நிறுவனத்துக்குப் பகுதிநேரமாக விளம்பர வேலை பார்த்தார். மலாடில் இருந்த அந்த ஸ்டுடியோ, ஹிமான்ஷு ராயும் தேவிகா ராணியும் கட்டி வளர்த்தது. கூடவே பத்திரிகையில் சினிமா விமர்சனமும் எழுதிக்கொண்டிருந்தார். அப்புறம் அந்த ஸ்டுடியோவுக்கே ஒரு கதையைக் கொடுத்தார். அசோக் குமார் நடிக்க 1941 இல் வந்த 'நயா சன்சார்' அதுதான். கதாநாயகன் ஒரு பத்திரிகை நிருபன். தனக்குத் தெரிந்த உலகத்திலிருந்தே ஆரம்பித்தார். படத்தின் பெயரை மறக்காமல் வைத்திருந்து, பின்னால் தான் தொடங்கிய தயாரிப்பு நிறுவனத்துக்கும் அதையே சூட்டினார்.

இதற்கு முன்பே ஒரு காரியம் செய்தார். அதைச் சொல்லாமல் போனால் அவருடைய மனசு தெரியாது. காந்தி சினிமாவைச் சூதாட்டம், குதிரைப் பந்தயம் போன்றவற்றோடு சேர்த்துத் தீமை என்று சொல்லியிருந்தார். 1939 இல் 'ஃபிலிம் இந்தியா' பத்திரிகையில் காந்திக்கு ஒரு திறந்த கடிதம் எழுதினார் அப்பாஸ். வயது இருபத்தைந்து. தந்தைக்கு மகன் எழுதுகிற மரியாதையோடு, இந்தச் சாதனத்தை ஒதுக்கிவிடாதீர்கள், இதிலும் நல்லது செய்யலாம், கொஞ்சம் இந்தப் பக்கமும் பாருங்கள் என்று கேட்ட கடிதம் அது. அன்றைக்கு மரியாதையான குடும்பங்களில் சினிமா என்றாலே முகம் சுளிப்பார்கள். அந்தச் சூழலில் சினிமாவின் சார்பில் வாதாட ஒரு எழுத்தாளன் முன்வந்ததே பெரிய விஷயம். அடுத்த நாற்பத்தைந்து ஆண்டுகள் அவர் செய்ததெல்லாம் அந்தக் கடிதத்தில் சொன்னதை நிரூபிக்கும் வேலை என்றே எனக்குத் தோன்றும்.

அந்தக் காலத்தில் கதாசிரியருக்கு என்ன இடம் இருந்தது?

பெரிதாக ஒன்றும் இல்லை. இந்தி ஸ்டுடியோக்களில் வசனம் எழுதுகிறவரை 'முன்ஷி' என்றுதான் கூப்பிடுவார்கள். கணக்குப்பிள்ளை மாதிரி ஒரு மாதச் சம்பள ஆள். கதை ஒருவர், திரைக்கதை ஒருவர், வசனம் ஒருவர், பாட்டு ஒருவர் என்று வேலை பிரிந்து கிடக்கும்.

இரண்டாம் உலகப் போர் இதையும் கலைத்துப் போட்டது. கச்சா ஃபிலிம் வெளிநாட்டிலிருந்து வர வேண்டும். அதற்கு ரேஷன் வந்தது. போர்க் காலத்தில் கணக்கில் வராத பணம் சேர்த்தவர்கள் சினிமாவில் கொட்டினார்கள். நடிகர்கள் ஸ்டுடியோச் சம்பளத்தை விட்டுவிட்டுப் படத்துக்கு இவ்வளவு என்று பேச ஆரம்பித்தார்கள். பெரிய ஸ்டுடியோக்கள் ஒவ்வொன்றாகத் தளர்ந்தன. கையில் நடிகர் இருந்தால் போதும், கதையைப் படப்பிடிப்பில் பார்த்துக்கொள்ளலாம் என்ற நிலை வந்தது. முழுத் திரைக்கதையை எழுதி முடித்துக் கையில் கொண்டுபோய், இதுதான் படம், இது இதைப் பற்றித்தான் என்று சொல்ல ஒருவர் வேண்டியிருந்த நேரம் அது. அப்பாஸ் போய் நின்றது அந்த இடத்தில்தான்.

தமிழில் நிலைமை கொஞ்சம் வேறு. 1937 இல் 'அம்பிகாபதி'யிலேயே இளங்கோவன் வசனத்துக்காகப் பெயர் வாங்கிவிட்டார். 1952 இல் 'பராசக்தி' வந்தபோது மக்கள் மு. கருணாநிதியின் வசனத்தைக் கேட்கவே போனார்கள். அதனால் எழுத்தாளர் பெயருக்குக் கூட்டம் வருவது நமக்குப் பழக்கப்பட்ட விஷயம். இந்தியில் அந்த இடத்தைப் போராடித்தான் பிடிக்க வேண்டியிருந்தது.

1946 ஐ மட்டும் ஏன் எல்லோரும் தனியாகச் சொல்கிறார்கள்?

ஒரே ஆண்டில் மூன்று படங்கள். மூன்றிலும் அப்பாஸின் எழுத்து. மூன்றும் அதுவரை இந்தியத் திரை தொடத் தயங்கிய விஷயங்கள்.

'தர்தி கே லால்', 1943 வங்கப் பஞ்சத்தைப் பற்றியது. அப்பாஸ் இயக்கிய முதல் படம். இந்திய மக்கள் நாடக மன்றம், அதாவது இப்டா, தயாரித்தது. பிஜோன் பட்டாச்சார்யாவின் நாடகங்களையும் கிருஷன் சந்தரின் ஒரு கதையையும் சேர்த்துத் திரைக்கதை செய்தார். சொம்பு மித்ரா, திருப்தி மித்ரா, பல்ராஜ் சாஹ்னி என்று நாடக மேடையிலிருந்து வந்தவர்கள் நடித்தார்கள். நிலத்தை இழந்த ஒரு விவசாயக் குடும்பம் கல்கத்தா நடைபாதைக்கு வந்து சேர்கிறது, அவ்வளவுதான் கதை. லட்சக்கணக்கானவர்கள் செத்து மூன்று ஆண்டுகூட முழுதாக ஆகவில்லை. ஆட்சியில் வெள்ளைக்காரன். அந்த நேரத்தில் இதை எடுக்கத் துணிச்சல் வேண்டும்.

'டாக்டர் கோட்னிஸ் கி அமர் கஹானி' வி. சாந்தாராம் இயக்கி நடித்தது. 1938 இல் காங்கிரஸ் சீனாவுக்கு அனுப்பிய ஐந்து மருத்துவர்களில் ஒருவர் சோலாப்பூர்க்காரர் துவாரகாநாத் கோட்னிஸ். நான்கு பேர் திரும்பினார்கள். கோட்னிஸ் அங்கேயே வேலை செய்து 1942 இல் இறந்துபோனார். அவரைப் பற்றி, 'ஒருவர் மட்டும் திரும்பி வரவில்லை' என்று பொருள் தரும் தலைப்பில் அப்பாஸ் ஒரு புத்தகம் எழுதியிருந்தார். அதுவே படமானது. செய்தி புத்தகமாகி, புத்தகம் சினிமாவாகிற பாதையை இவ்வளவு தெளிவாக வேறெங்கும் பார்க்க முடியாது.

மூன்றாவது 'நீச்சா நகர்'. அதற்குத் தனிக் கேள்வியே வருகிறது.

கான்ஸ் திரைப்பட விழாவில் பரிசு வாங்கிய 'நீச்சா நகர்' அப்பாஸின் கதையா?

பாதி ஆமாம். கதை ஹயாத்துல்லா அன்சாரியுடையது. மாக்ஸிம் கார்க்கியின் நாடகம் ஒன்று அதற்குத் தூண்டுதல். திரைக்கதையில் அப்பாஸ் சேர்ந்து வேலை செய்தார். இயக்கம் சேத்தன் ஆனந்த். அவருக்கு அது முதல் படம். ரவிசங்கர் இசை.

கதையின் ஒற்றைப் படிமம் மறக்காது. மேட்டில் பணக்காரரின் வீடு, பள்ளத்தில் ஏழைகளின் ஊர். மேலே இருப்பவர் தன் நிலத்தில் கட்டடம் எழுப்பி விற்பதற்காகச் சாக்கடையைப் பள்ளத்து ஊர் வழியாகத் திருப்பிவிடுகிறார். நோய் பரவுகிறது. அப்புறம் அவரே மருத்துவமனையும் திறந்துவைக்கிறார். ஊர் அந்த மருத்துவமனைக்குப் போக மறுக்கிறது. சாக்கடை எந்தப் பக்கம் ஓடுகிறது என்ற ஒரே விஷயத்தில் மொத்த அரசியலும் வந்துவிடுகிறது. இன்றைக்கும் எந்த நகரத்தின் வரைபடத்தை எடுத்தாலும் இந்தக் கதை தெரியும்.

1946 இல் நடந்த முதல் கான்ஸ் விழாவில் கிராண்ட் பிரீ பரிசு பதினொரு படங்களுக்குப் பகிர்ந்து கொடுக்கப்பட்டது. அதில் ஒன்று இது. நம் நாட்டில் இதைத் திரையிட ஆள் கிடைக்கவில்லை என்பது வருத்தமான உண்மை.

'ஆவாரா'வில் அப்பாஸ் செய்தது என்ன? படத்தை எடுத்தது ராஜ் கபூர்தானே?

இந்தக் கேள்விக்கு நீளமாகத்தான் பதில் சொல்ல வேண்டும்.

கதை அப்பாஸும் வி. பி. சாட்டேவும் சேர்ந்து எழுதியது. சாட்டே அவருடைய நீண்ட கால எழுத்துத் துணை. கதையை முதலில் இயக்குநர் மெகபூப் கானிடம் கொண்டுபோனார்கள். மெகபூப் கானுக்கு அசோக் குமாரையும் திலீப் குமாரையும் அப்பா-மகனாகப் போட ஆசை. அப்பாஸோ நிஜ அப்பாவும் மகனுமான பிருத்விராஜ் கபூரும் ராஜ் கபூரும்தான் நடிக்க வேண்டும் என்று நின்றார். ஒத்துவரவில்லை, கதை ராஜ் கபூரிடம் போனது. நடிகர் தேர்வில் கதாசிரியர் இப்படிப் பிடிவாதம் பிடிப்பதை அன்றைக்கு நினைத்துப் பார்க்க முடியுமா? அந்தப் பிடிவாதம்தான் படத்தைக் காப்பாற்றியது. கூண்டில் நிற்கும் மகனை அப்பா ஏறிட்டுப் பார்க்க முடியாமல் தவிக்கும் இடத்தில், இரண்டு முகங்களின் சாயலே பாதிக் கதையைச் சொல்லிவிடுகிறது.

படம் நீதிமன்றத்தில் ஆரம்பிக்கிறது. நீதிபதி ரகுநாத்தைக் கொல்ல முயன்றதாக ராஜ் மீது வழக்கு. அவனுக்காக வாதாட எழுந்து நிற்பவள் ரீட்டா, அதே ரகுநாத்தின் ஆதரவில் வளர்ந்தவள். அவள் யாரைக் குறுக்கு விசாரணை செய்கிறாள்? ரகுநாத்தையே. ஊருக்கெல்லாம் தீர்ப்புச் சொன்ன மனிதர் சாட்சிக் கூண்டில் ஏறிப் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. கேள்வி அவருடைய மனைவியைப் பற்றித் திரும்புகிறது. அங்கிருந்து கதை பின்னோக்கிப் போகிறது.

ரகுநாத்தின் நம்பிக்கை நமக்கு நன்றாகத் தெரிந்ததுதான். "குலத்தளவே ஆகும் குணம்" என்று சின்ன வயதில் படித்திருக்கிறோமே, அது. நல்லவன் பிள்ளை நல்லவன், திருடன் பிள்ளை திருடன். இந்த எண்ணத்தோடு அவர் ஜக்கா என்பவனைத் தண்டித்துவிட்டார். அந்த ஜக்கா பழிவாங்க அவருடைய மனைவியைக் கடத்துகிறான். அவள் கர்ப்பமாக இருப்பது தெரிந்ததும் திருப்பி அனுப்பிவிடுகிறான். ஊர் வாய் சும்மா இருக்குமா? ரகுநாத் மனைவியை வீட்டைவிட்டு வெளியேற்றுகிறார். சீதையின் கதையை நினைவூட்டும் பாட்டு ஒலிக்கத் தெருவில் குழந்தை பிறக்கிறது.

அந்தக் குழந்தை ராஜ். பம்பாய்ச் சேரியில் வளர்கிறான். படிப்புக்குக் காசு வேண்டுமென்று தெருவில் ஷூ பாலிஷ் போடுகிறான். அதனாலேயே பள்ளிக்கூடம் அவனை வெளியே அனுப்புகிறது. அம்மா பசியில் கிடக்கும்போது ரொட்டி திருடி மாட்டிக்கொள்கிறான். ஷூ பாலிஷ் டப்பா, பள்ளிக்கூடப் பதிவேடு, ரொட்டி. ஒரு பையன் குற்றவாளியாகும் பாதையை அப்பாஸ் இந்த மூன்று பொருள்களில் வைத்துவிட்டார். பத்திரிகையில் நாலு வரிச் செய்தியாக வந்திருக்க வேண்டிய விஷயம். படத்தில் அதைப் பார்த்துத் தொண்டை அடைக்கிறது.

சமூகப் பிரச்சினையைப் பிரசங்கமாகச் சொல்லாமல், அப்பா-மகன், பிரிந்த குடும்பம், கோர்ட், காதல் என்ற நம் மக்களுக்குப் பழகிய பாத்திரத்தில் ஊற்றிக் கொடுத்தார் அப்பாஸ். பாட்டும் இருக்கும், கண்ணீரும் இருக்கும். நடுவில் கேள்வியும் இருக்கும். அதற்குப் பிறகு வந்த எத்தனையோ இந்திப் படங்கள், நம் தமிழ்ப் படங்கள்கூட, இந்த அமைப்பில் ஓடியிருக்கின்றன.

எங்கள் அப்பாவுக்கு இந்தி ஒரு வார்த்தை தெரியாது. தூர்தர்ஷனில் இந்தப் படம் போட்டபோது துணை எழுத்தும் கிடையாது. கடைசிவரை உட்கார்ந்து பார்த்தார். ராஜுக்கு மூன்று ஆண்டுச் சிறை என்றதும், "அந்த ஜட்ஜுக்கு எத்தனை வருஷம்?" என்று கேட்டார். பேச்சு புரியாதவருக்கும் வழக்கு புரிந்திருந்தது.

ஆனால் ராஜ் கடைசியில் நீதிபதியின் ரத்தம்தானே? அப்படியானால் குலம்தான் ஜெயிக்கிறது என்று ஆகிவிடாதா?

நல்ல கேள்வி. விமர்சகர்களும் கேட்டிருக்கிறார்கள். நான் வேறுவிதமாகப் பார்க்கிறேன். ரகுநாத்தின் கணக்குப்படி நீதிபதியின் மகன் உத்தமனாக வளர்ந்திருக்க வேண்டும். வளர்ந்தது பிக்பாக்கெட்டாக. அதனால் அவருடைய கொள்கை அவர் வீட்டிலேயே தோற்கிறது. வேறு ஒரு திருடனின் மகனைக் காட்டியிருந்தால் அவர் தப்பித்திருப்பார்.

ஆனாலும் ஒன்றை ஒத்துக்கொள்கிறேன். 'உண்மையில் இவன் பெரிய வீட்டுப் பிள்ளை' என்பதில் பார்வையாளருக்கு ஒரு ஆறுதல் கிடைக்கிறது. வணிக சினிமாவுக்குள் நின்று எழுதியதற்கு அப்பாஸ் கொடுத்த விலை என்று அதைச் சொல்லலாம்.

'ஸ்ரீ 420' பற்றி?

1955. 2024 வரை நடப்பில் இருந்த இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 420 ஆவது பிரிவு மோசடிக்கானது. நம் ஊரிலும் ஏமாற்றுக்காரனை 'ஃபோர் ட்வென்டி' என்றுதானே சொல்கிறோம். அதற்கு முன்னால் மரியாதைக்குரிய 'ஸ்ரீ' ஒட்டியதும் தலைப்பே விமர்சனம் ஆகிவிட்டது.

படித்துப் பட்டம் வாங்கிய ஒருவன் அலகாபாத்திலிருந்து பம்பாய்க்கு வருகிறான். நேர்மைக்காகப் பரிசாக வாங்கிய பதக்கத்தை முதல் வேலையாக அடகுக் கடையில் வைக்கிறான். நாயகி பெயர் வித்யா, இன்னொருத்தி பெயர் மாயா. தெருக்கூத்து பார்த்தவர்களுக்கு இந்தப் பெயர் வைப்பின் சூட்சுமத்தை விளக்க வேண்டியதில்லை. முடிவில் பெரிய மோசடி ஒன்று வருகிறது: 100 ரூபாய்க்கு வீடு என்று சொல்லி நடைபாதையில் தூங்குகிறவர்களிடம் பணம் வசூலிக்கும் திட்டம். சீட்டுக் கம்பெனியிலும் ரியல் எஸ்டேட்டிலும் பணம் போட்டு ஏமாந்தவர்கள் எந்தத் தலைமுறையிலும் இருக்கிறார்கள். அந்தக் காட்சிக்கு வயதாகவே இல்லை.

ரஷ்யாவில் 'ஆவாரா' அவ்வளவு ஓடியது உண்மையா?

உண்மை. 1954 இல் சோவியத் நாட்டில் வெளியாகி ஆறு கோடிக்கும் மேற்பட்டவர்கள் பார்த்தார்கள். துருக்கியில் 1964 இல் 'அவாரே' என்று மறுபடியும் எடுத்தார்கள். போர் முடிந்து பத்து ஆண்டுகூட ஆகாத சோவியத் நாட்டில் அப்பா இல்லாமல் வளர்ந்த பிள்ளைகள் ஏராளம். அவர்களுக்கு ராஜின் கதை வெளிநாட்டுக் கதையாக இருந்திருக்காது.

1957 இல் அப்பாஸ் சோவியத் இயக்குநர் வாசிலி புரோனினுடன் சேர்ந்து 'பர்தேசி' எடுத்தார். பதினைந்தாம் நூற்றாண்டில் இந்தியா வந்த அஃபனாசி நிகிதின் என்ற ரஷ்ய வணிகரின் கதை. இரு நாடுகளும் சேர்ந்து தயாரித்தது.

ராஜ் கபூருக்கு எழுதியவை ஓடின. சொந்தமாக எடுத்தவை ஓடவில்லை. ஏன்?

இரண்டுக்கும் இரண்டு நோக்கம். வெளியாருக்கு எழுதிக் கிடைத்ததையும் பத்திரிகை வருமானத்தையும் தன் படங்களில் போட்டார். சொந்தப் படத்தில் விட்டுக்கொடுக்கவே மாட்டார். 1954 இல் 'முன்னா' என்று ஒரு படம், பாட்டே கிடையாது. அதே ஆண்டு தமிழில் 'அந்த நாள்' பாட்டில்லாமல் வந்தது. பம்பாயும் சென்னையும் ஒன்றையொன்று பார்க்காமலேயே ஒரே பரிசோதனையைச் செய்திருக்கின்றன.

அவருடைய படங்களில் எனக்குப் பிடித்தது 1963 இல் வந்த 'ஷெஹர் அவுர் சப்னா'. வேலை தேடி பம்பாய்க்கு வந்த ஒரு இளைஞனும் ஒரு பெண்ணும் குடியிருக்க இடம் இல்லாமல், போடாமல் கிடக்கும் பெரிய சாக்கடைக் குழாய்க்குள் குடித்தனம் நடத்துகிறார்கள். அந்த ஆண்டின் சிறந்த படத்துக்கான குடியரசுத் தலைவரின் தங்கப் பதக்கம் அதற்குக் கிடைத்தது. அதில் நட்சத்திரம் யாரும் கிடையாது.

அவர் இயக்கத்தில் குறை உண்டு. பாத்திரங்கள் சில சமயம் தலையங்கம் மாதிரி பேசும். ராஜ் கபூரின் கண்ணும் காதும் சேர்ந்தபோது அப்பாஸின் எழுத்து ஓங்கி நின்றது என்பதை மறைக்க வேண்டியதில்லை. அதேபோல அப்பாஸின் பேனா இல்லாத ராஜ் கபூரையும் அந்த உயரத்தில் என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

அமிதாப் பச்சனை அறிமுகப்படுத்தியது இவர்தானா?

ஆமாம். 1969, 'சாத் ஹிந்துஸ்தானி'. கோவாவைப் போர்த்துகீசியரிடமிருந்து மீட்கப் போகும் ஏழு பேரின் கதை. சம்பளம் 5,000 ரூபாய். ஒப்பந்தம் எழுதும்போதுதான் பையன் கவிஞர் ஹரிவன்ஷ் ராய் பச்சனின் மகன் என்பது தெரிந்தது. அப்பாவுக்குத் தெரியாமல் கையெழுத்து வாங்க மாட்டேன் என்று நிறுத்திவிட்டு, சம்மதம் கேட்டுத் தந்தி அனுப்பினார். பதில் வந்த பிறகுதான் கையெழுத்து. ஏழு பேரில் ஒவ்வொருவரும் வேறு வேறு மாநிலத்தவராக இருக்க, நடிகர்களைப் பெரும்பாலும் தங்கள் சொந்த மாநிலத்துக்கு மாறான வேடங்களில் போட்டிருந்தார். மலையாள நடிகர் மது வங்காளியாக வருவார். வங்காள நடிகர் உத்பல் தத் பஞ்சாபியாக வருவார்.

தணிக்கை வழக்கு என்கிறார்களே, அது என்ன?

இதில் சென்னையும் இருக்கிறது. கல்கத்தா, பம்பாய், மதராஸ், தில்லி நான்கு நகரங்களிலும் பணக்கார வாழ்க்கையையும் ஏழைகளின் நிலையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து 1968 இல் ஒரு ஆவணப்படம் எடுத்தார். எல்லோரும் பார்க்கும் 'யு' சான்றிதழ் கேட்டார். பம்பாயின் சிவப்பு விளக்குப் பகுதியைக் காட்டும் காட்சிகளை வெட்டினால்தான் தருவோம் என்றார்கள். அப்பாஸ் வெட்டவில்லை, உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். வழக்கு நடக்கும்போதே அரசு இறங்கிவந்து வெட்டாமலே 'யு' தருவதாகச் சொன்னது. அதோடு அவர் வீட்டுக்குப் போயிருக்கலாம். போகவில்லை. முன்தணிக்கையே செல்லுமா என்று கேட்டு மனுவைத் திருத்தி வாதாடினார்.

1970 இல் தலைமை நீதிபதி ஹிதாயத்துல்லா தலைமையிலான அமர்வு தீர்ப்புச் சொன்னது. முன்தணிக்கை செல்லும் என்றார்கள். அந்த வகையில் அவருக்குத் தோல்வி. ஆனால் கால வரம்பு வேண்டும், மேல்முறையீட்டை அரசு கேட்கக் கூடாது, தனித் தீர்ப்பாயம் கேட்க வேண்டும், கலைக்கு இடம் விட்டு அளவுகோல் வகுக்க வேண்டும் என்றும் நீதிமன்றம் வலியுறுத்தியது. பின்னால் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அமைந்து, 2021 இல் கலைக்கப்படும்வரை எத்தனையோ தயாரிப்பாளர்கள் அங்கே போய் நியாயம் கேட்டார்கள். தமிழ்ப் படக்காரர்களும் போயிருக்கிறார்கள். இன்றும் தணிக்கை பற்றி எந்த வழக்கு வந்தாலும் 'கே. ஏ. அப்பாஸ் எதிர் இந்திய ஒன்றியம்' என்ற தீர்ப்பை எடுத்து வைக்காமல் வாதம் நடப்பதில்லை. ஒரு கதாசிரியர் தன் துறைக்குச் செய்த உதவி என்று பார்த்தால், எந்தத் திரைக்கதைக்கும் இது குறைந்ததில்லை.

இவ்வளவு எழுதியவர் 'பாபி' மாதிரி ஒரு காதல் கதையை ஏன் எழுதினார்?

1970 இல் 'மேரா நாம் ஜோக்கர்' விழுந்து ராஜ் கபூர் கடனில் இருந்தார். அதையும் எழுதியவர் அப்பாஸ்தான். 1973 இல் சாட்டேயுடன் சேர்ந்து 'பாபி' எழுதினார். நண்பரைக் கரையேற்ற எழுதிய படம் என்று சொல்லிவிடலாம். ஆனால் அங்கேயும் பாருங்கள்: பணக்காரப் பையன், மீனவரின் மகள். பழக்கம் விடவில்லை.

எதிலிருந்து பார்க்க ஆரம்பிக்கலாம்?

முதலில் 'ஆவாரா', அப்புறம் 'நீச்சா நகர்', அப்புறம் 'ஷெஹர் அவுர் சப்னா'. 'தர்தி கே லால்' பிரதி தேய்ந்து போயிருக்கும். பொறுமையாகப் பார்க்க வேண்டும். படிக்க ஆசை இருந்தால் 1977 இல் வெளிவந்த அவருடைய தன்வரலாறு இருக்கிறது.

'ஆவாரா'வைப் போடும்போது முதல் பத்து நிமிடம் கைபேசியைத் தள்ளி வைத்துவிடுங்கள். ரீட்டா எழுந்து ரகுநாத்திடம் முதல் கேள்வியைக் கேட்கும்போது பிருத்விராஜின் முகத்தை மட்டும் பாருங்கள்.